பண்டிகை இல்லாத வீடு

சென்ற ஆண்டு தீபாவளிக்கு நான்கு நாட்கள் இருக்கும்போது பக்கத்து வீட்டுச் சிறுமி என் அறைக்கு வந்தாள். ஒன்பது வயதுப் பெண். தெருவெல்லாம் வெடிச் சத்தம். வீட்டுக்கு வீடு முறுக்கு வேகிற வாசனை. அவர்கள் வீட்டில் மட்டும் அந்த வருஷம் எண்ணெய்ச் சட்டி ஏறவில்லை. ஆடி மாதத்தில் அவளுடைய தகப்பனார் காலமாகியிருந்தார்.

"எங்க வீட்டிலே இந்த வருஷம் பண்டிகை இல்லே, தாத்தா. ஏதாவது கதை சொல்லுங்களேன்" என்றாள்.

அலமாரியைத் துழாவினேன். லாரா இங்கால்ஸ் வைல்டர் என்ற அமெரிக்க எழுத்தாளர் 1935-ல் வெளியிட்ட 'லிட்டில் ஹவுஸ் ஆன் தி ப்ரேரி' கையில் அகப்பட்டது. அதில் ஒரு கிறிஸ்துமஸ் அத்தியாயம் உண்டு. பண்டிகை இல்லாத குழந்தைக்கு வேறொரு வீட்டுப் பண்டிகையைக் கடனாகக் கொடுத்தால் என்ன என்று நினைத்தேன். புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு தமிழில் சொல்ல ஆரம்பித்தேன்.

பரந்த புல்வெளியில் தனியாக ஒரு மரவீடு. அப்பா, அம்மா, மேரி, லாரா, ஒரு கைக்குழந்தை. கிறிஸ்துமஸ் வருகிறது, ஆனால் விடாத மழையில் ஓடை கரைபுரண்டு ஓடுகிறது. இந்த வெள்ளத்தைத் தாண்டிக் கிறிஸ்துமஸ் தாத்தா எப்படி வருவார்? பிள்ளைகள் நம்பிக்கை இழந்து படுத்துவிடுகிறார்கள். மறுநாள் காலையில், அண்டையில் வசிக்கும் எட்வர்ட்ஸ் என்ற மனிதர் துணிமணிகளை மூட்டையாகத் தலையில் கட்டிக்கொண்டு, உறையும் குளிரில் ஓடையை நீந்தி வந்து நிற்கிறார். இண்டிபெண்டன்ஸ் நகரத்தில் கிறிஸ்துமஸ் தாத்தாவை நேரிலேயே சந்தித்ததாகவும், அவர்தாம் இவற்றைக் கொடுத்தனுப்பியதாகவும் ஒரு கதை சொல்கிறார். ஆளுக்கொரு தகரக் குவளை, ஒரு குச்சி மிட்டாய், வெள்ளைச் சர்க்கரை தூவிய சின்னஞ்சிறு கேக், புத்தம் புதிய ஒரு பென்னிக் காசு. அவ்வளவுதான் பரிசு. அந்தக் குழந்தைகளுக்கோ அது ராஜ்யம் கிடைத்த மாதிரி.

சிறுமி முகம் மலர்ந்து கேட்டாள். முடிந்ததும், "இது நிஜமா நடந்ததா?" என்றாள். "நடந்ததைத்தான் எழுதியிருக்கிறார்" என்றேன். சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "அப்போ அவங்க வீட்டிலே யாரும் செத்தே போகலையா?" என்று கேட்டாள்.

என் உறக்கத்தைக் கெடுத்த கேள்வி அது.

குழந்தைகளுக்காக எழுதப்படும் பண்டிகைக் கதைகள் எல்லாவற்றையும் அந்தக் கேள்விக்கு முன்னால் நிறுத்திப் பார்க்கலாம். அப்பா இருக்கிறார், அம்மா இருக்கிறாள், அடுப்பு எரிகிறது, எல்லாரும் சிரிக்கிறார்கள். அப்படி ஒரு வீடு வாய்த்த குழந்தைக்கு அந்தக் கதை ஒரு கண்ணாடி. தன் முகத்தையே அதில் பார்த்துச் சிரிக்கும். வாய்க்காத குழந்தைக்கோ அது எதிர்வீட்டு ஜன்னல். இருட்டில் நின்று, வெளிச்சம் உள்ள வீட்டை எட்டிப் பார்க்கிற அனுபவம். பண்டிகையைக் கடன் கொடுக்கப் போன நான், அந்தப் பெண்ணை ஜன்னலுக்கு வெளியே கொண்டுபோய் நிறுத்திவிட்டேனோ?

நான் அவளுக்குச் சொன்ன பதிலும் முழு உண்மை அன்று. லாரா கான்ஸாஸ் புல்வெளியில் வாழ்ந்தது 1869 முதல் 1871 வரை. பிறந்தது 1867-ல். ஆகவே அப்போது இரண்டு முதல் நான்கு வயதுக் குழந்தை. கதையில் வரும் லாராவோ அதைவிடப் பெரிய பெண். அறுபது ஆண்டுகள் கழித்து, கேட்டதையும் நினைத்ததையும் சேர்த்துக் கட்டிய வீடு அது. அதில் குற்றம் இல்லை. கதை எழுதுகிறவர்கள் எல்லாரும் செய்வதுதான். நானும் செய்திருக்கிறேன்.

ஆனால் அவர் விட்டுவிட்ட ஒன்று உண்டு. 1875-ல் லாராவுக்கு ஒரு தம்பி பிறந்தான். ஒன்பது மாதத்தில், 1876-ல், இறந்துபோனான். தம் சரித்திரமாக அவர் முதலில் எழுதி, 2014-ல்தான் அச்சேறிய 'பயனியர் கேர்ள்' என்ற நூலில் அவன் இருக்கிறான். குழந்தைகளுக்காக எழுதிய நூல் வரிசையில் அவன் இல்லை. அவன் வாழ்ந்து மறைந்த அந்தச் சில ஆண்டுகளையே கதை தாண்டிப் போய்விடுகிறது.

அறுபத்தைந்து வயதில் முதல் புத்தகம் வெளியிட்ட ஒரு பெண்மணி, தன் துக்கத்தைத் தானே விழுங்கிக்கொண்டு மிட்டாயை மட்டும் குழந்தையின் கையில் கொடுத்தாள் என்று நினைத்தால் நெஞ்சு நெகிழ்கிறது. எவ்வளவு பெரிய ஈகை! வெகு காலம் அப்படித்தான் நானும் நினைத்திருந்தேன். ஆனால் பக்கத்து வீட்டுப் பெண் வேண்டியது மிட்டாய் அல்லவே. அவள் தேடியது அந்தத் தம்பியை. அவனைச் சொல்லாமல் விட்டதால்தான், சாவு தன் வீட்டுக்கு மட்டுமே வந்தது என்று அவள் நினைக்கும்படி ஆயிற்று.

இந்த இடத்தில் லூயிஸா மே ஆல்காட்டை நினைத்துக்கொண்டேன். 1868-ல் வந்த அவருடைய 'லிட்டில் விமன்' ஒரு கிறிஸ்துமஸில்தான் தொடங்குகிறது. பரிசு இல்லாத கிறிஸ்துமஸ். அப்பா உள்நாட்டுப் போருக்குப் போயிருக்கிறார். காலைப் பலகாரத்தை நான்கு பெண்களும் ஓர் ஏழைக் குடும்பத்துக்குக் கொண்டுபோய்க் கொடுத்துவிடுகிறார்கள். இத்தோடு நிறுத்தியிருந்தால் அதுவும் ஒரு நீதிக் கதையாகப் போயிருக்கும். ஆல்காட் நிறுத்தவில்லை. பின்னால், அதே ஏழைக் குடும்பத்துக் குழந்தையைப் பார்த்துக்கொள்ளப் போன பெத் என்ற பெண்ணுக்குத்தான் விஷக் காய்ச்சல் தொற்றுகிறது. பிழைத்து எழுந்தாலும் பழைய பலம் திரும்பவில்லை. 1869-ல் வந்த இரண்டாம் பாகத்தில் அவள் இறந்துபோகிறாள். ஆல்காட்டின் சொந்தத் தங்கை எலிஸபெத் இறந்தது 1858-ல். அவர் தம் தங்கையைக் கதையிலிருந்து விலக்கவில்லை. கொடுப்பது நல்லது, ஆனால் கொடுப்பவருக்கு ஆபத்து வராது என்று அவர் குழந்தைகளுக்கு வாக்குக் கொடுக்கவும் இல்லை. அந்த நேர்மையினால் அந்தப் புத்தகத்தைக் குழந்தைகள் வெறுத்துவிடவில்லை. தலைமுறை தலைமுறையாக வாசித்து அழுகிறார்கள், மறுபடியும் எடுத்து வாசிக்கிறார்கள்.

மறுநாள் அந்தப் பெண்ணை நானே கூப்பிட்டு, லாராவின் தம்பியைப் பற்றிச் சொன்னேன். கண் கொட்டாமல் கேட்டாள். பிறகு, "அதுக்கப்புறமும் அவங்களுக்குக் கிறிஸ்துமஸ் வந்துதா?" என்றாள். "வந்தது, அம்மா" என்றேன். தலையை ஆட்டிவிட்டு விளையாடப் போனாள். ஒரு கணக்கு நேரானதுபோல் இருந்தது அவள் முகம்.

இத்துடன் என் மனச்சாட்சி சும்மா இருந்திருக்கலாம். இருக்கவில்லை. ஏனென்றால் நானும் ஒன்றைச் சொல்லாமல் விட்டிருந்தேன்.

அந்த மரவீடு நின்ற நிலம் இங்கால்ஸ் குடும்பத்தாருடையது அல்ல. ஓஸேஜ் என்ற பூர்வகுடி மக்களுடையது. 1870-ல் இயற்றிய ஒரு சட்டத்தின்படி அவர்கள் அதை விற்றுவிட்டு, இன்று ஓக்லஹோமா எனப்படும் பகுதிக்குப் போக நேர்ந்தது. புத்தகம் அவர்களை அடியோடு மறைத்துவிடவில்லை. வரிசை வரிசையாக அவர்கள் குதிரையேறிப் போவதைப் பார்த்துச் சிறுமி லாரா அழுகிற இடம் உண்டு. ஆனால் அந்தப் பிரதேசத்தில் மனிதர்களே இல்லை, இந்தியர்கள்தாம் இருந்தார்கள் என்ற கருத்தில் ஒரு வாக்கியமும் முதலில் இருந்தது. 1952-ல் ஒரு வாசகர் அதைச் சுட்டி எழுதினார். வைல்டர் அது தம் பிழையே என்று ஒப்புக்கொண்டார். 1953-ஆம் ஆண்டுப் பதிப்பில் 'மனிதர்கள்' என்பது 'குடியேறியவர்கள்' என்று மாறியது. அவர் பெயரால் அமெரிக்க நூலகர்கள் 1954 முதல் வழங்கி வந்த பரிசுக்கு, 2018-ல் வேறு பெயர் வைத்தார்கள்.

சொந்தத் துக்கத்தை மறைப்பதும் பிறர் துக்கத்தை மறைப்பதும் ஒன்றல்ல. தன் பசியை மறைத்து விருந்தாளிக்குப் பரிமாறுவது ஒன்று. அடுத்த வீட்டுச் சோற்றை எடுத்து வந்து, எங்கிருந்து வந்தது என்று சொல்லாமல் பரிமாறுவது வேறொன்று. முன்னதில் பிசகு நேரலாம், ஆனாலும் அதில் அன்பு இருக்கிறது. பின்னதில் பந்தியில் உட்கார்ந்த குழந்தையையும் அல்லவா நாம் உடந்தை ஆக்குகிறோம்?

விந்தை என்னவென்றால், இந்தக் கேள்வியைப் புத்தகத்திலேயே ஒரு குழந்தை கேட்டுவிடுகிறது. இது இந்தியர்களின் நிலம் அல்லவா, அவர்களுக்குக் கோபம் வராதா என்று லாரா அப்பாவிடம் கேட்கிறாள். மேலே எதுவும் கேட்காமல் தூங்கு என்று அவளை அடக்கிவிடுகிறார் அவர். நான் அவரைவிட மோசம். கதை சொன்னபோது அந்த மக்கள் வருகிற பக்கங்களை எல்லாம் தாண்டிவிட்டேன். கேட்க வேண்டும் என்ற எண்ணமே என் வீட்டுக் குழந்தைக்கு எழாதபடி செய்துவிட்டேன். கேட்டால், இனிப்புக் கெட்டுவிடும் என்று சொல்லியிருப்பேன். குழந்தையைக் காப்பாற்றுவதாகச் சொல்லிக்கொண்டு பெரியவர்கள் தங்களைத்தான் காப்பாற்றிக்கொள்கிறார்கள்.

இந்த ஆண்டு, அவர்கள் வீட்டில் வருஷத் திதி முடிந்து எண்ணெய்ச் சட்டி ஏறிற்று. தீபாவளியன்று காலையில் புதுப் பாவாடை சரசரக்க அந்தப் பெண் வந்து, எவர்சில்வர் டப்பா நிறைய முறுக்கும் அதிரசமும் என் மேஜைமேல் வைத்தாள். வாசல்வரை போனவள் திரும்பி வந்தாள். தகரக் குவளையைப் பற்றியோ மிட்டாயைப் பற்றியோ கேட்கப் போகிறாள் என்று எதிர்பார்த்தேன்.

"தாத்தா, அந்தத் தம்பிப் பாப்பா பேர் என்ன?"

"பிரெடி" என்றேன்.

"பிரெடி" என்று ஒரு தரம் தனக்குள் சொல்லிக்கொண்டாள். மறுபடியும் போகத் திரும்பினாள்.

"கொஞ்சம் உட்கார், அம்மா" என்றேன். "அந்தக் கதையில் நான் உனக்குச் சொல்லாமல் விட்டது இன்னும் ஒன்று இருக்கிறது."