உப்பு நீரில் எரியும் விளக்கும் ஐப்பசி மழையும்

ஆவணி மாதத்து மத்தியானத்தில் கொக்கிளாய்க் களப்பின் ஓரம் வெளுத்துக் கிடக்கும். தண்ணீர் வற்றி ஒதுங்கிய இடமெல்லாம் உப்புப் பூத்திருக்கும். செருப்பில்லாமல் நடந்தால் உள்ளங்கால் பொரியும். மேற்கிலிருந்து கச்சான் காற்று ஓயாமல் வீசினாலும் அதில் ஒரு துளி ஈரம் இராது. தென்மேற்குப் பருவக்காற்று தன் மழையை மலைநாட்டில் கொட்டிவிட்டு வெறுங்கையோடுதான் வன்னிக்கு வருகிறது. இந்த மண்ணுக்கான மழை கிழக்கே, கடல் பக்கமிருந்து, ஐப்பசியில் வர வேண்டும்.

ஆனால் அதற்கான வேண்டுதலை நம் ஆட்கள் வைகாசியிலேயே முடித்துவிடுகிறார்கள். நந்திக்கடலோரம் வற்றாப்பளையில் கண்ணகி அம்மன் பொங்கல். வன்னியில் அவள் அம்மாளாச்சி. அம்மை போட்டால் அதுவும் அம்மாள் வருத்தம்தான். நோய் தணியவும், மழை பெய்து வயல் விளையவும் அவளிடமே நேர்த்தி வைக்கிறார்கள். பாக்குத் தெண்டலோடு சடங்குகள் தொடங்கும். பொங்கலுக்கு ஒரு கிழமைக்கு முந்திய திங்கட்கிழமை சிலாவத்தைக் கடலில் தீர்த்தமெடுப்பு. அந்தக் கடல்நீரை முள்ளியவளை காட்டா விநாயகர் கோயிலுக்குக் கொண்டுவந்து, அதில் திரியிட்டு விளக்கேற்றுவார்கள். எண்ணெய் ஊற்றுவதில்லை என்பார்கள். அடுத்த திங்கள் வற்றாப்பளையில் பொங்கல் பொங்கும்வரை அந்த விளக்குத்தான் நடுநாயகம்.

அருகில் போய்ப் பார்த்தால் மலைப்பதற்கு ஒன்றுமில்லை. மண் பாத்திரம், அதில் கடல்நீர், துணித்திரி, சின்னச் சுடர். சனம் நெருக்கும்போது காற்றுப் படுகிறது, சுடர் ஒருமுறை சாய்ந்து நிமிர்கிறது. இது எப்படி எரிகிறது என்று கேட்கும் பிள்ளைகளுக்குப் பெரியவர்கள் கதை சொல்கிறார்கள். கிழவி வேடத்தில் வந்த அம்மாளாச்சிக்கு நந்திக்கடலோரத்து இடையர் சிறுவர்கள் குடில் கட்டிக் கொடுத்தார்கள். விளக்கேற்ற எண்ணெய் இல்லையே என்று கையைப் பிசைந்தார்கள். கடல்நீரை அள்ளி வந்து ஏற்றுங்கள் என்றாள். ஏற்றினார்கள், எரிந்தது. இந்தக் கதையை நிரூபிக்கவோ மறுக்கவோ எனக்கு ஆசையில்லை. ஆசைப்பட்டவர்கள் போதுமான அளவு இருக்கிறார்கள்.

என் மனம் நிற்பது வேறு இடத்தில். கண்ணகி தீயின் தெய்வமல்லவா? மதுரையை எரித்தவளிடம் போய் மழை கேட்பது என்ன நியாயம்? சிலப்பதிகாரத்துக்கு முன்னுரை போல நிற்கும் உரைபெறு கட்டுரை இதற்கு விடை தருகிறது. கோவலன் கொலையுண்ட பிறகு பாண்டிநாடு மழையின்றி வறண்டது. கண்ணகிக்கு விழா எடுத்த பிறகே மழை திரும்பியது. இலங்கையின் கயவாகு மன்னனும் அவளுக்குக் கோட்டம் அமைத்து ஆடித் திங்களில் விழா எடுத்தான், நாட்டில் மழை தவறாமல் பெய்தது என்கிறது அதே பகுதி. மட்டக்களப்பில் வைகாசியில் அவளைக் குளிர்விக்கத் திருக்குளிர்த்தி நடக்கிறது. அங்கே மழை வேண்டிப் பாட மழைக்காவியம் என்றே ஒன்று உண்டு. சிங்கள மக்கள் இவளையே பத்தினித் தெய்யோ என்று வணங்கி, மழைக்கும் விளைச்சலுக்கும் கம்மடுவச் சடங்கு செய்கிறார்கள். கொதித்தவளைக் குளிர்வித்தால் வானமும் குளிரும் என்பதில் இந்தத் தீவு முழுவதும் ஒரே எண்ணம்தான்.

வானத்தின் கணக்கும் இதற்குப் பெரிய பகையில்லை. வங்கக்கடலில் வெயில் காய்கிறது. நீர் ஆவியாகி எழுகிறது, உப்புக் கடலிலேயே தங்கிவிடுகிறது. அந்த ஈரத்தை வாடைக்காற்று கரைக்குக் கொண்டுவருகிறது. கொக்கிளாய் வயலில் விழும் ஒவ்வொரு துளியும் ஒருகாலத்தில் உப்பு நீராக இருந்து வெப்பத்தால் நன்னீரானதுதான். உப்பு நீரும் நெருப்பும் கூடினால் என்ன விளையும் என்பதை அந்த மண் பாத்திரம் வைகாசியிலேயே காட்டிவிடுகிறது என்று நான் எடுத்துக்கொள்கிறேன். மாயாஜாலக் கதைகளில் மந்திரவாதி கோலை உயர்த்தினால் அந்தக் கணமே மழை கொட்டும். நம் அம்மாளாச்சி ஐந்து மாதம் காக்க வைக்கிறாள். கேட்டுவிட்டு, வரப்புக் கட்டி, விதைநெல்லைக் காயவைத்துக்கொண்டு இருப்பதும் வழிபாட்டில் சேர்ந்ததுதான்.

அளவும் அவள் கையில்தான். 2020 டிசம்பர் 2ஆம் திகதி இரவு புரெவிப் புயல் திருகோணமலைக்கும் முல்லைத்தீவுக்கும் இடையில், இந்தக் கரையோரமாகத்தான் ஏறியது. மழை கேட்டவர்களே அன்று போதும் தாயே என்றார்கள்.

இனி எனக்கு நெருடலான இடம். அரசன் முறை தவறினால் மழை பொய்க்கும் என்பது தமிழரின் பழைய நம்பிக்கை. 1984 டிசம்பரில் கொக்கிளாய், கொக்குத்தொடுவாய், கருநாட்டுக்கேணி மக்கள் ஊரைவிட்டு விரட்டப்பட்டார்கள். 2009இல் போர் முடிந்த பிறகுதான் திரும்ப வழி பிறந்தது. கால் நூற்றாண்டு. இவ்வளவு பெரிய முறைகேட்டுக்கு வானம் பொய்த்திருக்க வேண்டாமா? பொய்க்கவில்லை. உரியவர்கள் இல்லாத வயல்களிலும் ஐப்பசி தோறும் மழை பெய்தது. களப்பு நிறைந்தது. 1951இல் சரணாலயமாக்கப்பட்ட அந்த நீர்ப்பரப்புக்குப் பறவைகள் வந்து போயின. அகதியாக இருந்த காலத்தில் இதை நினைத்து அம்மாளாச்சியோடு கோபித்துக்கொண்டவர்கள் உண்டு. அந்தக் கோபத்தைப் பக்திக் குறைவு என்று நான் சொல்லமாட்டேன். பாண்டியன் வாசலில் அவள் காட்டியதும் கோபம்தானே.

ஆனாலும் அவள் கதையிலேயே ஒரு வேறுபாடு இருக்கிறது. மதுரையை எரிக்கும்போது அறவோரை விடு, பசுவை விடு, முதியோரையும் குழந்தையையும் விடு, தீயோர் பக்கம் போ என்று தீக்கடவுளுக்கு ஆள் பிரித்துச் சொன்னாள். மழைக்கு அப்படி ஒரு கட்டளையும் இல்லை. விரட்டப்பட்டவன் கூரையிலும் விரட்டியவன் கூரையிலும் அது ஒன்றாகவே விழுகிறது. இதைத் தெய்வத்தின் அலட்சியம் என்று படிக்க எனக்கு மனம் வரவில்லை. எரித்துப் பார்த்தவள் அவள். நல்லவர் தீயவர் என்று பிரித்துத் தண்டிக்கும் வேலையை அந்த ஒரு நாளோடு முடித்துக்கொண்டாள் போலும். அரண்மனை வாசலில் நின்று வழக்குரைத்தபோது அவள் ஒரு மனுஷிதான். அந்த வேலை இன்னமும் மனுஷருடையது. திரும்பி வந்த கொக்கிளாய் மக்களில் பலருக்குத் தங்கள் வயற்காணி கைக்கு வரவில்லை. அதை மழையிடம் கேட்க முடியாது, கச்சேரியில்தான் கேட்க வேண்டும். ஒற்றைச் சிலம்பைக் கையில் பிடித்துக்கொண்டு போனவளைக் கும்பிடுகிறவர்கள் காணிப் பத்திரத்தோடு படியேறக் கூச வேண்டியதில்லை.

பொங்கலுக்கு வர நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. திங்கட்கிழமை வற்றாப்பளையில் சனத்துக்குள் நின்று எதையும் ஆறுதலாகப் பார்க்க முடியாது. அதற்கு முந்திய கிழமையில் ஏதாவதொரு நாள் முள்ளியவளைக்குப் போய்விடுங்கள். விளக்கு அங்கேதான் எரிந்துகொண்டிருக்கும்.