பிழைத்தவர் உத்தமராக இருக்க வேண்டுமா?

ஆர்ட் ஸ்பீகல்மேன் வரைந்த 'மௌஸ்' படக்கதையில் (1986, 1991) யூதர்களுக்கு எலி முகம், நாஜிகளுக்குப் பூனை முகம். ஆஷ்விட்சில் தப்பிய அப்பா சொல்லச் சொல்ல மகன் வரைகிறார். அப்பா சரியான கஞ்சர். அதுகூடப் பரவாயில்லை. மருமகள் வழியில் ஒரு கறுப்பரைக் காரில் ஏற்றிக்கொண்டதும், சாமானைத் திருடிவிடுவான் என்று பதறுகிறார். இவ்வளவு பட்டவருக்கா இந்தப் புத்தி? மகன் மறைக்கவில்லை.

தாமிரபரணிக் கரையில், ஆழ்வார்திருநகரியில் உட்கார்ந்து இதைப் படிக்கிறேன். ஆற்றின் மேல்புறம், திருநெல்வேலியில், 1999 ஜூலை 23 அன்று மாஞ்சோலைத் தொழிலாளர்களுக்காகப் போன ஊர்வலத்தைப் போலீஸ் தண்ணீருக்குள் அடித்து விரட்டியது. குழந்தை உட்பட 17 பேர் செத்தார்கள். வருசாவருசம் கட்சிகள் ஆற்றில் மலர் தூவுகின்றன. கரையேறித் தப்பியவர்கள் அதன்பிறகு எப்படித் தூங்கினார்கள், வீட்டில் யார்மேல் எரிந்து விழுந்தார்கள் என்று நாம் எழுதியது கொஞ்சம்தான்.

எழுதப் போனாலும் கை கூசுது. லத்தியடி பட்ட பெரியப்பா ஒருவர் அருந்ததியர் வீட்டில் தண்ணி குடிக்கமாட்டார் என்றால், அதையும் எழுதலாமா? "நம்ம மானத்த நாமளே வாங்கவா?" என்பார்கள் தோழர்கள். எழுதணும் என்றே எனக்குப் படுது. அவர் உத்தமராக இருந்தால்தான் அவரை அடித்தது குற்றமா? நற்சான்றிதழ் கேட்டு நீதி தருவது ஊர்த்தெருக்காரன் வழக்கம், நமக்கெதற்கு?

கூடவே அந்த அருந்ததியர் வீட்டம்மா சொல்வதையும் எழுத வேண்டும். 'மௌஸில்' அந்தக் கறுப்பர் காரை விட்டு இறங்கிப் போய்விடுகிறார். அவர் பக்கத்துக் கதை இல்லை.