ஊற்றிடத்திலே உப்பு



யெரிக்கோ நகரத்தார் ஒருநாள் எலிசேயு இறைவாக்கினரிடம் ஒரு முறைப்பாட்டோடு வந்ததாக அரசர்களின் இரண்டாம் நூல் கூறுகின்றது. ஊர் நல்ல ஊர்தான். ஆனால் தண்ணீர் கெட்டது, நிலமும் பலன் தருவதில்லை என்பதே அவர்கள் குறை. எலிசேயு ஒரு புதுப் பாத்திரத்தில் உப்புக் கொண்டுவரச் சொன்னார். அந்த உப்பை அவர் எங்கே போட்டார் என்பதைக் கவனியுங்கள். வீடுகளில் இருந்த குடங்களிலே போடவில்லை. ஊருக்கு வெளியே நடந்து, தண்ணீர் புறப்படும் ஊற்றிடத்துக்கே போய் அங்கே போட்டார்.

யாழ்ப்பாணக் குடாநாட்டில் வாழும் நமக்கு இந்த முறைப்பாடு புதிதன்று. சுன்னாகத்திலே மின்நிலையத்தை அண்டிய வளவுகளின் கிணறுகளில் எண்ணெய் கலந்ததும், 2014, 2015ஆம் ஆண்டுகளில் மக்கள் நியாயம் கேட்டு வீதிக்கு வந்ததும், வாளிகளோடு தண்ணீர்ப் பவுசருக்குக் காத்து நின்றதும் நாம் மறந்துவிடக்கூடிய காரியங்களல்ல. 2019ஆம் ஆண்டு ஏப்ரல் மாதத்தில் உயர் நீதிமன்றம் தீர்ப்பு வழங்கியது. அசுத்தப்படுத்தியவரே ஈடு செய்யவேண்டும் என்ற நெறியின்படி, மின் உற்பத்தி செய்த நிறுவனம் 2 கோடி ரூபாய் செலுத்தவேண்டுமென்று கட்டளையிட்டது.

தீர்ப்பு நல்லது. ஆனால் தீர்ப்பு எழுதிய அன்றே கிணறு சுத்தமாகிவிடாது. ஏனென்று சற்று விளக்குவேன்.

குடாநாட்டிலே வற்றாத ஆறு ஒன்றேனும் இல்லை. மாரி மழையே நம் சொத்து. அது செம்மண்ணினூடாக இறங்கி, சுண்ணக்கல்லின் வெடிப்புகளிலும் பொந்துகளிலும் தங்கி, கடலிலிருந்து நிலத்தடியே ஊடுருவிய உவர்நீரின்மேல் மிதந்து நிற்கின்றது. மணலிலே தண்ணீர் மெல்லக் கசியும். சுண்ணக்கல்லிலோ வெடிப்பு வழியே விரைந்து ஓடும். ஆகவே என் வளவில் ஊற்றியது அயலவரின் கிணற்றிலே ஏறும். வேலி நிலத்துக்கு மேலேதான் இருக்கின்றது.

இப்படிக் கெட்ட நிலத்தைத் திருத்துவோர் முதலில் கசிவை நிறுத்துகின்றார்கள். பின் எண்ணெய் ஊறிய மண்ணைத் தோண்டி அகற்றுகின்றார்கள். தண்ணீரை இறைத்து, எண்ணெயைப் பிரித்து, கரியினூடாக வடிக்கின்றார்கள். சில இடங்களில் நிலத்துக்குள்ளே காற்றைச் செலுத்துவார்கள். மண்ணிலுள்ள நுண்ணுயிர்கள் அக்காற்றின் துணையோடு எண்ணெயையே உணவாக்கிக்கொள்ளும். (படைத்தவர் மண்ணுக்குள் வைத்த ஊழியர்கள் என்று அவற்றைச் சொல்லத் தோன்றுகின்றது.) இது ஆண்டுக்கணக்கான வேலை. நமது ஊரிலோ அவசரப்பட்டு அளவுக்குமிஞ்சி இறைத்தால் அடியிலுள்ள உவர்நீர் மேலே ஏறிவிடும். ஒரு கேட்டை நீக்கப்போய் இன்னொன்றை வரவழைத்தவர்களாவோம்.

ஞானோபதேச வகுப்பிலே நாம் படித்தது என்ன? பாவசங்கீர்த்தனத்துக்கு மனத்துயர் வேண்டும், பாவத்தை வெளியிட வேண்டும், பரிகாரமும் வேண்டும். முதல் இரண்டையும் நாம் அறிவோம். மூன்றாவதையோ மூன்று 'அருள் நிறைந்த மரியே' சொல்லி முடித்துவிடுகின்றோம். அயலவனின் மாட்டைத் திருடியவன் பாவசங்கீர்த்தனம் செய்துவிட்டு, மாட்டைத் தன் கொட்டிலிலேயே கட்டி வைத்திருக்கலாமா? குருவானவர் அளிக்கும் மன்னிப்பு குற்றத்தை நீக்குகின்றது. குற்றம் விளைவித்த கேட்டைச் சீர்செய்வது மன்னிக்கப்பட்டவனின் கடமை என்பதே திருச்சபையின் போதனை. சக்கேயு இதைப் புரிந்துகொண்டவன். ஒருவரும் கேட்குமுன்பே நாலு மடங்காகத் திருப்பிக் கொடுப்பதாகச் சொன்னான்.

சுன்னாகத்தைப் பற்றிப் பேசுவது நமக்கு இலகு. அங்கே குற்றவாளி வேறொருவர். ஆனால் நமது தோட்டங்களில் நாமே செய்வதென்ன? வெங்காயத்துக்கும் மிளகாய்க்கும் புகையிலைக்கும் யூரியாவை அள்ளி எறிகின்றோம். பயிர் எடுத்ததுபோக மிஞ்சியது நைத்திரேற்றாக மழையோடு கீழே இறங்குகின்றது. மலசலகூடக் குழிகளிலிருந்தும் அதுவே இறங்குகின்றது. உலக சுகாதார நிறுவனம் விதித்த எல்லை லீற்றருக்கு 50 மில்லிகிராம். குடாநாட்டின் பல கிணறுகள் அதைத் தாண்டியிருப்பதை 1980களிலிருந்தே ஆய்வாளர்கள் எழுதி வருகின்றார்கள். எண்ணெயென்றால் மணக்கும், மிதக்கும், ஊர் கூடும். இதற்கோ நிறமுமில்லை, மணமுமில்லை. தாய்மாரே, கேளுங்கள்: கொதிக்க வைத்தாலும் இது போகாது, தண்ணீர் வற்ற இதன் செறிவுதான் கூடும். அந்தத் தண்ணீரில் மாப்பால் கரைத்துக் கொடுத்தால் கைக்குழந்தையின் இரத்தம் பிராணவாயுவைச் சுமக்கும் வலுவை இழந்து, உடல் நீலம் பாரிக்கவும் கூடும்.

சுத்தமான குடிநீர் மனிதனின் அடிப்படை உரிமை என்று பாப்பரசர் பிரான்சிஸ் 2015ஆம் ஆண்டுச் சுற்றுமடலிலே எழுதினார். உரிமையென்றால் அயல்வீட்டுப் பிள்ளைக்கும் அது உண்டு.

இனி என் குற்றத்தையும் சொல்லவேண்டும். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு குடும்பத்தினர் புது வீட்டையும் கிணற்றையும் ஆசீர்வதிக்க அழைத்தார்கள். கிணற்றுக்கென்றே திருச்சபையின் சடங்கு நூலில் பழைய செபம் உண்டு. அதைச் சொல்லித் தீர்த்தம் தெளித்தேன். நிமிர்ந்தபோது ஏழெட்டு முழத்துக்கப்பால் மலசலகூடக் குழி. அதற்கப்பால் வேலி, வேலிக்கப்பால் அயலவரின் கிணறு. மகிழ்ச்சியான வீட்டிலே முகம் சுழிப்பதா என்று எண்ணி, ஒன்றும் பேசாமல் சாப்பிட்டுவிட்டு வந்துவிட்டேன். யெரிக்கோவின் ஊற்றைப் பற்றிப் பிரசங்கம் வைக்கும் நான், குடத்திலே உப்புப் போட்டுவிட்டு வந்தவன்.

இந்தக் கட்டுரையை எழுதத் தொடங்கியபோது அது மனதை உறுத்தியது. மறுபடி போய், நடந்ததைச் சொன்னேன். வீட்டுக்காரர் நெடுநேரம் பேசவில்லை. பின்பு, "சுவாமி, அன்றைக்கே சொல்லியிருந்தால் வெறுங்குழியோடு போயிருக்கும். இப்போது மேலே கொங்கிறீற்றுப் போட்டாயிற்று" என்றார். அவர் கோபித்தது நியாயம். பொதுச் சுகாதாரப் பரிசோதகரைக் கூட்டிவந்து இடம் பார்ப்பதென்று பேசியிருக்கின்றோம். மாரிக்கு முன் பழைய குழியை இறைத்து மூடவேண்டும். செலவில் ஒரு பங்கு என்னுடையது என்று சொன்னேன். முதலில் மறுத்தார். அவருடைய மனைவிதான், "சுவாமி தரட்டும்" என்றார்.