கடனும் அறமும்

கடன் கொண்டவன் அதனைத் திருப்பிச் செலுத்தக் கடமைப்பட்டவன் என்பதை நாம் மறுக்கவில்லை. வங்கியிலுள்ள பணம் ஆசிரியரும் தொழிலாளியும் கைம்பெண்ணும் சிறுகச் சிறுகச் சேமித்து வைத்த பணமாகும். ஆயின் கடனைக் கேட்கும் உரிமை வேறு. கேட்பவரே வழக்கைத் தீர்க்கும் உரிமை வேறு. இவ்விரண்டையும் ஒரே கையில் ஒப்படைத்தல் அறமாகுமா என்பதே எமது வினா.

‘பராட்டே’ எனப்படும் அதிகாரம் அவ்வாறே ஒப்படைக்கின்றது. அரசுடைமையான இலங்கை வங்கியும் மக்கள் வங்கியும் தத்தம் சட்டங்களின்கீழ் முன்னரே கொண்டிருந்த இவ்வதிகாரத்தை, 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டம் பிற வங்கிகளுக்கும் விரித்தது. பணிப்பாளர் சபை தீர்மானம் நிறைவேற்றும். வர்த்தமானியிலும் நாளிதழ்களிலும் அறிவித்தல் வெளிவரும். ஈடுவைத்த சொத்து ஏலத்திற்கு வரும். அதுவரை எந்தப் படியிலும் நீதிபதி குறுக்கிடுவதில்லை. வழக்காடும் சுமை கடனாளியின் தோளில் விழுகின்றது. பெரு முதலாளி சட்டத்தரணிகளை அமர்த்தி இடைக்காலத் தடையுத்தரவு பெறுவார். அரிசி ஆலையையோ அச்சகத்தையோ ஈடுவைத்த சிறு தொழிலாளர், வட்டிக்கே வழியற்ற நிலையில், வழக்குச் செலவுக்கு எங்கே போவார்?

எனினும் நீதிமன்றத்தை நாடியோர் சில எல்லைகளை வகுப்பித்துள்ளனர். பிறர் கடனுக்காகத் தம் சொத்தை ஈடுவைத்த மூன்றாந் தரப்பினர்மீது 1990ஆம் ஆண்டுச் சட்டத்தின் அதிகாரம் செல்லாதென உயர் நீதிமன்றம் 2006இல் தீர்த்தது. பின்வந்த வழக்குகளில் அக்காப்பின் எல்லை குறுகியது. மூலக்கடன் 50 இலட்சம் ரூபாவுக்குக் குறைந்தவர்களுக்கு 2011ஆம் ஆண்டுத் திருத்தம் விலக்களித்தது.

வழக்குகள் ஆண்டுக்கணக்கில் இழுபடுகின்றனவே, வைப்பாளர் பணம் முடங்குகின்றதே என்பர் சிலர். உண்மையே. ஆயின் நீதிமன்றம் தாமதிக்குமாயின் அதனைத் திருத்துதலே முறை. வைத்தியர் வரத் தாமதமாகுமென்று நோயாளியைச் சுடலைக்குக் கொண்டுசெல்வார் உண்டோ?

2022ஆம் ஆண்டை நினைவுகூர்வோம். ஏப்ரல் 8ஆம் நாள் மத்திய வங்கி கொள்கை வட்டி வீதங்களை 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியது. நான்கு நாட்களின் பின், வெளிநாட்டுக் கடன்களைச் செலுத்த இயலாதென அரசே அறிவித்தது. கடன்கொடுத்தோர் அரசுடன் மேசையில் அமர்ந்து பேசினர். தவணை பெற்ற அரசு, 2024 டிசம்பரில் பிணைமுறி உடையாருடனான மறுசீரமைப்பை நிறைவேற்றிக்கொண்டது. அதே நெருக்கடியில், எரிபொருளும் மின்சாரமுமின்றித் தொழில் முடங்கிய சிறு கடனாளிக்குக் கிடைத்தது யாது? 2024இல் பராட்டேக்கு விதிக்கப்பட்ட தற்காலிகத் தடை. அதுவும் 2025 மார்ச் 31ஆம் நாளை எல்லையாகக் கொண்டது.

நாம் கடன் தள்ளுபடியை வேண்டவில்லை. ஏலம் கூறப்படுமுன் நடுவர் ஒருவர் இருபாலாரையும் கேட்டல் வேண்டும். வட்டி முறையாகக் கணிக்கப்பட்டதா, தவணை தந்தால் தொழிலும் கடனும் பிழைக்குமா என்று ஆராய்தல் வேண்டும். தனக்கு ஆண்டுக்கணக்கில் தவணை பெற்ற அரசு, தன் குடிமக்களுக்கு ஒரு நாள் விசாரணையை மறுப்பது எந்த அறத்தின்பாற்படும்?