சிரிப்பு வராத நேரம்

அமெரிக்கத் தொலைக்காட்சியில் 1962 முதல் 1992 வரை ‘டுநைட் ஷோ’வை நடத்தியவர் ஜானி கார்சன். ஒவ்வொரு நிகழ்ச்சியின் தொடக்கத்திலும் அன்றாடச் செய்திகளை வைத்து அவர் சொல்லும் ஜோக்குகளில் சில எடுபடாமல் போகும். அரங்கம் அமைதியாகிவிடும். கார்சன் பதற மாட்டார். சில சமயம் இசைக்குழு ‘டீ ஃபார் டூ’ என்ற பழைய பாட்டை எடுக்க, மெல்லக் கால் தட்டி ஆடுவார். ஜோக்குக்கு வராத சிரிப்பு அந்த ஆட்டத்துக்கு வரும்.

அவர் பழியைக் கூட்டத்தின் மேல் போடவில்லை. நான் பெரிதும் மதிப்பது அதைத்தான். “புரியலையா?” என்று கேட்டு விளக்கத் தொடங்குபவர் கேட்டவரைக் குற்றவாளி ஆக்கிவிடுகிறார். கல்யாணப் பந்தியிலும் அலுவலகக் கூட்டத்திலும் நாம் பார்ப்பதுதான். ஜோக் எடுபடவில்லை என்று அதைச் சொன்னவரே ஒப்புக்கொண்டால், எதிரில் இருப்பவருக்கு ஒப்புக்குச் சிரிக்கும் சங்கடம் இல்லை.

ஆனால் எல்லா அமைதியும் ஒன்றல்ல. ஒருவரின் நிறத்தையோ உடம்பையோ தொட்டுப் பேசி அவர் முகம் வாடியிருந்தால், எந்தச் சமாளிப்பும் உதவாது. “தப்பா சொல்லிட்டேன், மன்னிச்சிடுங்க” என்று அவரிடமே சொல்ல வேண்டும். கூடவே “சும்மா விளையாட்டுக்குத்தான்” என்று சேர்த்தால், நொந்தவருக்கே விளையாட்டு தெரியவில்லை என்று ஆகிவிடும்.