தன்னைத் தானே நிறுக்கிற தராசு



பத்தே பத்து வாக்கியங்கள் அச்சடித்த ஒரு தாளைப் பற்றி இந்த முறை உங்களோடு பேச விரும்புகிறேன். மாரிஸ் ரோசன்பர்க் என்ற அமெரிக்க சமூகவியல் அறிஞர் 1965-ம் ஆண்டு வெளியிட்ட புத்தகத்தில் வந்த தாள் அது. நியூயார்க் மாநிலத்தில் உயர்நிலைப் பள்ளிகளில் படித்த வாலிபப் பிள்ளைகள் 5,000 பேருக்கு மேல் அதை நிரப்பிக் கொடுத்தார்கள். ஒருவன் தன்னைத்தான் எவ்வளவாய் மதிக்கிறான் என்பதை ஒரு எண்ணால் சொல்லிவிட முடியுமா என்று பார்க்க எழுந்த முயற்சி அது. இன்றைக்கு அந்தத் தாள் எத்தனையோ பாஷைகளில், எத்தனையோ தேசங்களில், ஆலோசகர்கள் கையிலும் ஆராய்ச்சியாளர்கள் கையிலும் இருக்கிறது.

முறை மிகவும் எளிது. மொத்தத்தில் என்மேல் எனக்குத் திருப்தி உண்டா? என்னிடத்தில் நல்ல குணங்கள் சில உண்டா? மற்றவர்கள் செய்கிறதை நானும் செய்ய முடியுமா? நான் எதற்கும் உதவாதவன் என்று சில நேரம் தோன்றுகிறதா? பெருமைப்பட என்னிடத்தில் ஒன்றும் இல்லையா? இப்படிப்பட்ட கருத்துள்ள பத்து வாக்கியங்கள். முழுக்க ஒத்துக்கொள்கிறேன் என்பதிலிருந்து கொஞ்சமும் ஒத்துக்கொள்ளவில்லை என்பது வரைக்கும் நான்கு படிகள். ஒவ்வொன்றுக்கும் 0 முதல் 3 வரை மார்க் போட்டுக் கூட்டினால் அதிகபட்சம் 30 வரும். ஐந்து வாக்கியங்கள் தன்னை உயர்த்திச் சொல்லும், ஐந்து தாழ்த்திச் சொல்லும். எதைக் கேட்டாலும் "ஆமாம், ஆமாம்" என்று தலையாட்டுகிற ஆட்கள் இருக்கிறார்கள் அல்லவா, அவர்களுக்காகத்தான் இந்த ஏற்பாடு!

இப்பொழுது இரண்டு பேரை மனதிலே நிறுத்திப் பாருங்கள். ஒருவர் எழுபது வயதுப் பாட்டியம்மா. நாற்பது வருஷமாய் சபையின் பாயை விரித்துச் சுருட்டியவர். வியாதிப்பட்ட வீடுகளுக்குக் கஞ்சி தூக்கிப் போனவர். "நான் ஒன்றுமில்லை, எனக்கென்று சொல்லிக்கொள்ள ஒன்றுமில்லை" என்பார். நன்றியினால் நிறைந்து சொல்லுகிற வார்த்தை அது. இன்னொருத்தி பத்தொன்பது வயதுக் கல்லூரி மாணவி. அரியர்ஸ் விழுந்துவிட்டது, வீட்டிலே தினமும் ஏச்சு, ஹாஸ்டலில் பேச ஆள் இல்லை. அவளும் அதையேதான் சொல்லுகிறாள்: "நான் ஒன்றுமில்லை."

இருவர் கையிலும் அந்தத் தாளைக் கொடுங்கள். இருவரும் ஒரே கட்டங்களில் டிக் போடுவார்கள், இருவருக்கும் 30-க்கு 8 என்று வைத்துக்கொள்வோம். தாளை மட்டும் பார்க்கிற ஆலோசகர் இருவரையும் சிகிச்சைக்கு அனுப்புவார். நாமோ சாட்சி நேரத்தில் இருவர் சொன்னதையும் கேட்டு, "எவ்வளவு தாழ்மை!" என்று சொல்லி ஒரு ஆமென் போட்டுவிட்டு அடுத்த பாட்டுக்குப் போய்விடுவோம். அவர் பாட்டியம்மா விஷயத்தில் தவறினார். நாம் அந்தப் பிள்ளை விஷயத்தில் தவறினோம். எந்தத் தவறு பெரியது? யோசித்துப் பாருங்கள். பாட்டியம்மாவை ஆலோசகரிடம் அனுப்பினால் அவருக்கு ஒரு மணி நேரம் வீண், அவ்வளவுதான்.

தாழ்மையும் காயமும் ஒரே வார்த்தையைப் பேசுகின்றன. என் கேள்வி இதுதான்: அவைகளை எப்படிப் பிரித்து அறிவது?

ரோசன்பர்க் இதைக் கவனிக்காமல் விட்டவர் அல்ல. தன்மதிப்பு உயர்வாய் இருக்கிறது என்றால் என்ன என்பதை அவர் தம் புத்தகத்திலேயே பிரித்துக் காட்டுகிறார். நான் மற்றவர்களைவிட மேலானவன் என்று நினைப்பது ஒன்று. நானும் மதிப்புள்ள ஒரு மனுஷன், எனக்கு இது போதும் என்று நினைப்பது வேறொன்று. அவருடைய தாள் நாடினது இரண்டாவதைத்தான். தன் குறைகளை அறிந்தவன், அவைகளை மாற்ற விரும்புகிறவன், ஆனாலும் தன்னை வெறுக்காதவன், இவன்தான் அவருடைய கணக்கில் நல்ல மார்க் வாங்க வேண்டியவன். அந்த விளக்கத்தின்படி பார்த்தால் நம்ம பாட்டியம்மாவுக்கு உயர்ந்த மார்க்தான் வரவேண்டும்! ஆனால் விளக்கம் புத்தகத்தில் இருக்கிறது, தாளில் இல்லையே. தாளைப் பார்க்கிறவருக்கு டிக் மட்டும்தான் தெரியும்.

இது தனி மனுஷர் விஷயம் மாத்திரமல்ல. 53 தேசங்களில் இதே தாளைக் கொடுத்துப் பார்த்த ஒரு பெரிய ஆராய்ச்சி 2005-ல் வெளியானது. சராசரியில் கடைசியாய் வந்த தேசம் எது தெரியுமா? ஜப்பான்! தொழிலிலும் ஒழுங்கிலும் உலகமே வியந்து பார்க்கிற ஜனங்கள் தங்களைப் பற்றித் தாழ்வாக டிக் போடுகிறார்கள். அவர்கள் எல்லாரும் மனம் உடைந்தவர்களா? தன்னைப் பற்றிப் பெரிதாய்ப் பேசுவது அங்கே மரியாதை அல்ல. தாழ்த்திச் சொல்லுகிற வாக்கியங்களுக்கு எல்லா தேசத்தாரும் ஒரேவிதமாய்ப் பதில் சொல்லுகிறதில்லை என்றும் அந்த ஆராய்ச்சியாளர்களே கண்டார்கள். நாமும் அப்படி வளர்க்கப்பட்டவர்கள்தானே? "நல்லா பாடுனீங்க சிஸ்டர்" என்று சொன்னால் "ஐயோ, நான் எங்கே பாடினேன்" என்றுதானே வருகிறது.

சரி, தாழ்த்திச் சொல்லுவதில் இவ்வளவு சிக்கல் என்றால், உயர்த்திச் சொல்லுவதில் இல்லையா? அங்கே இன்னும் அதிகம். 1981-ல் ஸ்வென்சன் என்ற ஆராய்ச்சியாளர், கார் ஓட்டுகிறவர்களைத் தங்கள் திறமைக்குத் தாங்களே இடம் குறிக்கச் சொன்னார். அமெரிக்கர்களில் 93 சதவீதம் பேர், நான் சரிபாதிக்கு மேலே இருக்கிறவன் என்றார்கள். நம்ம ஊர் டிரைவர்களைக் கேட்டிருந்தால் நூற்றுக்கு நூறு வந்திருக்கும், அது வேறு கதை!

பரீட்சை தயாரிக்கிறவர்கள் இதை அறியாதவர்கள் அல்ல. மின்னசோட்டா பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஹாத்வே, மெக்கின்லி என்ற இருவர் 1943-ல் வெளியிட்ட எம்.எம்.பி.ஐ. என்ற பெரிய மனநலப் பரீட்சையில் 500-க்கு மேற்பட்ட வாக்கியங்கள் உண்டு. அவைகளுக்குள்ளே 15 வாக்கியங்களை அங்கங்கே ஒளித்து வைத்தார்கள். எல்லா மனுஷரிடத்திலும் இருக்கிற சின்னச் சின்னக் குறைகள் அவை. எரிச்சல் வருவது, அடுத்தவனைப் பற்றிக் கொஞ்சம் பேசுவது, இப்படி. அவைகளில் ஒன்றுமே என்னிடத்தில் இல்லை என்று ஒருவன் சாதித்தால், அவனுடைய மற்ற பதில்களையும் அப்படியே நம்பக் கூடாது என்று அர்த்தம். 1960-ல் கிரவுன், மார்லோ என்ற இருவர் இதற்கென்றே 33 வாக்கியங்கள் கொண்ட தனித் தாள் செய்தார்கள். நல்லவன் என்று பேர் வாங்க வேண்டும் என்ற ஆசை நமக்கு எவ்வளவு இருக்கிறது என்பதை அது அளக்கும்.

இதிலே நம்மைத் தொடுகிற காரியம் ஒன்று உண்டு. அந்த 15 வாக்கியங்களில் மார்க் சற்று கூடுதலாய் வந்தால், உடனே பொய்யன் என்று முடிவு கட்டாதே, கண்டிப்பான மார்க்கப் பழக்கத்தில் வளர்ந்தவனாயும் இருக்கலாம் என்று அந்தப் பரீட்சையைப் படித்துச் சொல்லக் கற்றவர்களுக்குச் சொல்லிக்கொடுக்கிறார்கள். இது நமக்குப் புகழ்ச்சியா, வெட்கமா? நான் இரண்டு விதமாயும் யோசித்தேன். உண்மையிலேயே நாவை அடக்கக் கற்றவர்கள் நம் நடுவே உண்டு, அதை நான் மறுக்கவில்லை. ஆனால் கோபம் வந்தும் வரவில்லை என்று சொல்லப் பழகிப்போனவர்களும் உண்டு. பல வருஷம் அப்படிச் சொல்லிச் சொல்லி, தனக்கே அது தெரியாமல் போய்விடுகிறது. அதைப் பொய் என்பதா? பொய் சொல்லுகிறவனுக்காவது உண்மை எது என்று தெரியும்.

வார்த்தை இப்படி இருக்க, செய்கை என்ன சொல்லுகிறது? பிரின்ஸ்டன் இறையியல் கல்லூரியில் டார்லி, பேட்சன் என்ற இருவர் நடத்தி 1973-ல் வெளியிட்ட ஆராய்ச்சியை ஊழியத்துக்கு ஆயத்தமாகிற ஒவ்வொருவரும் அறிந்திருக்க வேண்டும். வேத மாணவர்களிடத்தில் முதலில் ஒரு கேள்வித்தாள் கொடுத்தார்கள். உன் பக்தி எப்படிப்பட்டது, எதற்காகப் பக்தியாய் இருக்கிறாய் என்று அது கேட்டது. பிறகு ஒருநாள் ஒவ்வொருவராய் அழைத்து, அடுத்த கட்டடத்தில் போய் ஒரு சிறிய பிரசங்கம் பண்ணச் சொன்னார்கள். பாதிப்பேருக்குக் கொடுத்த தலைப்பு நல்ல சமாரியன் உவமை! புறப்படும்போது சிலரிடம் "நேரமாகிவிட்டது, ஓடு" என்றார்கள். சிலரிடம் "சரியான நேரம், போ" என்றார்கள். சிலரிடம் "இன்னும் நேரம் இருக்கிறது, மெல்லப் போ" என்றார்கள். போகிற வழியில் ஒரு சந்து. அங்கே ஒரு மனுஷன் தலை தொங்கி, கண் மூடி, இருமி முனகிக்கொண்டு கிடந்தான். அவனும் ஆராய்ச்சியாளர்கள் ஏற்பாடு செய்த ஆள்தான்.

40 பேரில் நின்று உதவினவர்கள் 16 பேர். நேரம் இருந்தவர்களில் 63 சதவீதம், சரியான நேரத்தில் போனவர்களில் 45 சதவீதம், அவசரத்தில் போனவர்களில் 10 சதவீதம். சமாரியனைப் பற்றிப் பிரசங்கிக்கப் போனவர்களிலேயே சிலர் அந்த மனுஷனைத் தாண்டிக் கால் வைத்துப் போனார்கள்! முன்னே நிரப்பிக் கொடுத்த பக்தித் தாளில் யாருக்கு என்ன மார்க் என்பதை வைத்து, யார் நிற்பான், யார் போவான் என்று சொல்ல முடியவில்லை.

அந்த வாலிபர்களை மாயக்காரர் என்று சொல்ல எனக்கு மனமில்லை. தங்களைப் பற்றி அவர்கள் தாளில் எழுதினதை அவர்கள் நம்பித்தான் எழுதியிருப்பார்கள். எனக்காக ஒருவர் காத்திருக்கிறார், தாமதிக்கக் கூடாது என்ற நல்ல எண்ணமும் அந்த ஓட்டத்தில் இருந்திருக்கும். ஆனால் தன்னைப் பற்றி ஒருவன் வைத்திருக்கிற சித்திரத்தில் அவனுடைய கைக்கடிகாரம் இடம்பெறுகிறதில்லை. தாள் அளப்பது அந்தச் சித்திரத்தை மாத்திரம். டாரில் பெம் என்ற மனநூல் அறிஞர் 1972-ல் இதற்கும் ஒருபடி மேலே போய் எழுதினார்: உள்ளே இருக்கிறது தெளிவாய்த் தெரியாதபோது, வெளியாள் ஒருவன் நம் செய்கையைப் பார்த்து நம்மை அறிகிறது போலவே நாமும் நம் செய்கையைப் பார்த்துத்தான் நம்மை அறிகிறோம் என்றார். எனக்கு அதில் முழு சம்மதம் இல்லை. ஆனாலும் பாதி சரி.

சித்திரத்தையே மாற்றிவிட்டால் மனுஷன் மாறிவிடுவான் என்று நம்பின ஒரு காலமும் இருந்தது. கலிபோர்னியா மாநிலம் 1986-ல் தன்மதிப்பை வளர்ப்பதற்கென்றே ஒரு அரசாங்கக் குழுவை அமைத்தது. பிள்ளைகள் தங்களை உயர்வாய் நினைத்தால் படிப்பும் வரும், குற்றமும் போதைப் பழக்கமும் குறையும் என்பது எதிர்பார்ப்பு. 1990-ல் அறிக்கையும் வந்தது. பின்பு பாமைஸ்டர் என்பவரும் கூட இருந்தவர்களும் அதுவரை நடந்த ஆராய்ச்சிகளையெல்லாம் அலசி 2003-ல் எழுதினார்கள். தன்மதிப்பு கூடினவர்கள் சந்தோஷமாய் இருக்கிறார்கள் என்பது மெய். ஆனால் தன்மதிப்பை ஏற்றிவிட்டால் படிப்பு ஏறும் என்பதற்கு ஆதாரம் கிடைக்கவில்லை.

அப்படியானால் இந்தத் தாள்களையெல்லாம் குப்பையில் போட்டுவிடலாமா? ஒருசில பிரசங்கியார் அப்படித்தான் சொல்லுகிறார்கள். நான் அப்படிச் சொல்லமாட்டேன். எதை அளக்கிறோம் என்று தெரிந்து பிடித்தால் தராசு நல்லதுதான். 2001-ல் வெளியான பி.எச்.கியூ. 9 என்ற சிறிய தாளைப் பாருங்கள். மனச்சோர்வு வியாதி இருக்கக்கூடுமா என்று முதற்கட்டமாய்ப் பார்க்க உலகமெங்கும் டாக்டர்கள் அதைப் பயன்படுத்துகிறார்கள். ஒன்பது கேள்விகள். நான் தோற்றுப்போனவன் என்று எண்ணுகிறாயா என்று, தன்னைப் பற்றிய மதிப்பைக் கேட்கிற கேள்வி அதிலே ஒன்றே ஒன்று. மற்றவை எல்லாம் கடந்த இரண்டு வாரத்தில் தூக்கம் எப்படி, பசி எப்படி, உடம்பில் பெலன் இருக்கிறதா, மனம் ஒன்றில் நிற்கிறதா, பிடித்த காரியத்தில் நாட்டம் இருக்கிறதா, என்று கேட்கின்றன. அதுவும் எத்தனை நாள் என்று கேட்கிறது.

இங்கேதான் பாட்டியம்மாவும் அந்தப் பிள்ளையும் பிரிகிறார்கள். பாட்டியம்மா ராத்திரி நன்றாய்த் தூங்கி, விடியற்காலம் எழும்பி, பழையது சாப்பிட்டுவிட்டு யார் வீட்டுக்கு என்ன தேவை என்று கிளம்பிவிடுவார். அவருடைய "நான் ஒன்றுமில்லை" அவரை அடுத்தவர் வீட்டுக்கு நடத்துகிறது. அந்தப் பிள்ளையோ தூங்கிப் பத்து நாளாகிறது. தட்டில் போட்டது அப்படியே இருக்கிறது. கூட்டத்துக்கு வருகிறாள், பாட்டுக்குக் கைதட்டுகிறாள், யாரோடும் பேசாமல் போய்விடுகிறாள். அவளுடைய "நான் ஒன்றுமில்லை" அவளை அறைக்குள்ளே வைத்துப் பூட்டுகிறது.

ஆகவே ஊழியக்காரரே, வாலிபர் கூட்டம் நடத்துகிற சகோதரியே, அடுத்த முறை ஒரு பிள்ளை அந்த வார்த்தையைச் சொல்லும்போது உடனே மெச்சிக்கொள்ளவும் வேண்டாம், "அப்படியெல்லாம் சொல்லக்கூடாது, விசுவாசமாய்ப் பேசு" என்று வாயை அடைக்கவும் வேண்டாம். கூட்டம் முடிந்தபின் தனியே உட்கார வைத்து, "நைட்டு தூங்குனியாம்மா? சாப்பிட்டியா?" என்று கேளுங்கள். அந்தத் தாளின் ஒன்பதாவது கேள்வி, செத்துப்போனால் நல்லது என்ற எண்ணம் வருகிறதா என்பதைப் பற்றியது. அதையும் கேளுங்கள். கேட்டால் அந்த எண்ணத்தை நாமே விதைத்ததாகிவிடும் என்று பலர் பயப்படுகிறார்கள். அப்படி ஆகிறதில்லை, கேட்டதினாலே பாரம் இறங்குகிறவர்கள்தான் அதிகம் என்று மனநல மருத்துவர்கள் சொல்லுகிறார்கள். ஆமாம் என்று அவள் தலையசைத்தால், அன்று இரவு அவளைத் தனியே விடாதிருங்கள். ஜெபியுங்கள், மறுநாள் நீங்களே கூட்டிக்கொண்டு டாக்டரிடத்தில் போங்கள். மத்திய அரசு 2022 அக்டோபரில் தொடங்கின டெலி மானஸ் என்ற மனநல உதவிக்கு 14416 என்ற எண். கட்டணம் இல்லை, இரவும் பகலும் உண்டு, தமிழிலும் பேசலாம்.