கணந்தோறும் பிறக்கும் உலகம்: ஃபிரேம் வேகமும் ஆன்மா பற்றிய ஒரு பழைய வழக்கும்

திரையில் எதுவும் நகர்வதில்லை. கன்சோல் விளையாட்டில் பாயும் காரும் உருளும் பந்தும் அசையாப் படங்களின் வரிசைதான். அந்தப் படம் ஒவ்வொன்றும் ஒரு ஃபிரேம். விநாடிக்கு 30 ஃபிரேம் என்றால் ஒரு படம் 33.3 மில்லிவிநாடி நிற்கும்; 60 என்றால் 16.7, 120 என்றால் 8.3. சினிமாவும் 24 படங்களால் ஆனதுதான். ஆனால் சினிமாவின் படங்கள் முன்பே எடுத்து முடிக்கப்பட்டவை. விளையாட்டின் படமோ ஆடுபவர் பொத்தானை அழுத்திய பிறகே வரையப்படுகிறது. அசைவு படங்களில் இல்லையென்றால் அது எங்கே இருக்கிறது? ஒரு படத்தையும் அடுத்த படத்தையும் சேர்த்து ‘ஓடுகிறது’ என்று அறிவது யார்? தமிழ்ச் சமயவாதிகள் இதே கேள்வியைப் பல நூற்றாண்டுகளுக்கு முன்பே வேறு சொற்களில் வாதாடியிருக்கிறார்கள்.

முதலில் கணக்கைப் பார்க்க வேண்டும். பிளேஸ்டேஷன் 5, எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸ் இரண்டும் 2020 நவம்பரில் வெளிவந்தன. இந்தியாவில் பிளேஸ்டேஷன் 5 விற்பனைக்கு வந்தது 2021 பிப்ரவரி 2 அன்று. கன்சோல் வாங்கிய நாளில் உள்ளே என்ன செயலி இருந்ததோ அதுவேதான் கடைசி வரை. 4கே படத்தில் 82,94,400 புள்ளிகள். 1080 வரிப் படத்தில் 20,73,600, அதாவது நான்கில் ஒரு பங்கு. ஒவ்வொரு புள்ளிக்கும் நிறம், நிழல், தண்ணீரில் விழும் பிம்பம் எல்லாவற்றையும் 16.7 மில்லிவிநாடிக்குள் கணக்கிட்டு முடிக்க முடியாதபோது படத் துல்லியம், வேகம் இரண்டில் ஒன்றை விட்டாக வேண்டும். அதனால்தான் பல விளையாட்டுகளின் மெனுவில் இரண்டு வழிகள் தரப்படுகின்றன. ‘குவாலிட்டி’யில் படம் துல்லியமாக இருக்கும், வேகம் 30. ‘பெர்ஃபார்மன்ஸ்’ஸில் வேகம் 60, படத்தின் நுணுக்கம் குறையும். 120 ஹெர்ட்ஸ் டிவி இருந்தால் சிலவற்றில் 40 என்ற நடுவழியும் உண்டு. 40க்கு ஒரு படத்தின் நேரம் 25 மில்லிவிநாடி, அது 33.3க்கும் 16.7க்கும் சரிபாதி. 60 ஹெர்ட்ஸ் திரையில் இதே 40 தடுமாறும், ஏனென்றால் 60ஐ 40 மீதியின்றி வகுக்காது.

பின்னலாடை ஊரான திருப்பூர் வட்டாரத்தில் கன்சோல் உள்ள வீடுகளைவிட கைபேசியில் ஆடும் இளைஞர்கள் பல மடங்கு. கம்பெனி விட்டு அறைக்குத் திரும்பிய பிறகு ஆடும் விளையாட்டிலும் இதே தேர்வு காத்திருக்கிறது. 2021 ஜூலையில் வந்த பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியாவில் கிராபிக்ஸை ‘ஸ்மூத்’ என்றும் ஃபிரேமை ‘எக்ஸ்ட்ரீம்’ என்றும் வைத்தால் புல்லும் நிழலும் எளிமையாகிவிடும், வேகம் 60க்குப் போகும். ஜெயிக்க ஆடுகிறவர்கள் பெரும்பாலும் இதையே வைக்கிறார்கள். போன் சூடேறினால் அந்த வேகமும் இறங்கும்.

இனி பழைய வழக்கு. பௌத்தத்தின் கணபங்க வாதம் சொல்வது இது: உள்ளது எதுவும் ஒரு கணத்துக்கு மேல் நிற்பதில்லை, தோன்றிய கணமே அழிந்து தன்னைப் போன்ற அடுத்ததற்குக் காரணமாகிறது. விளக்குச் சுடர் ஒன்றாகவே நின்று எரிவதாகத் தெரிகிறது. உண்மையில் கணத்துக்கு ஒரு சுடர். நிலைத்த பொருள் எதுவும் இல்லை, சந்தானம் எனப்படும் தொடர்ச்சி மட்டுமே உண்டு. 7ஆம் நூற்றாண்டில் தர்மகீர்த்தி இதற்கு வலுவான காரணம் தந்தார். காரியம் செய்வதே உள்ளதன் இலக்கணம். மாறாமல் நிற்கும் ஒன்று எந்தக் காரியத்தையும் செய்ய முடியாது. எனவே உள்ளவை யாவும் கணிகம். தமிழில் மணிமேகலையின் கடைசி இரண்டு காதைகள் பௌத்த அளவையியலையும் பன்னிரு நிதானத்தையும் விரித்துரைக்கின்றன.

கன்சோலுக்குள் நடப்பதற்கு இதைவிடப் பொருத்தமான விளக்கம் இல்லை. ஒரு ஃபிரேம் வரையப்படுகிறது, காட்டப்படுகிறது, நினைவகத்தின் அந்த இடத்தில் புதியது எழுதப்படுகிறது. முந்தைய படத்தின் கார் அடுத்த படத்துக்கு நகர்ந்து வருவதில்லை. வேறிடத்தில் வேறொரு கார் புதிதாக வரையப்படுகிறது. இரண்டுக்கும் உள்ள உறவு காரண காரியம் மட்டும். முன்கணத்து அறிவு பின்கணத்தில் பதித்துச் செல்லும் ‘வாசனை’ என்று பௌத்தர் சொன்னதுகூட இப்போது கன்சோலில் இருக்கிறது. எஃப்எஸ்ஆர் 2, 2024இல் பிளேஸ்டேஷன் 5 ப்ரோவோடு வந்த பிஎஸ்எஸ்ஆர் போன்ற நுட்பங்கள் முந்தைய ஃபிரேம்களின் புள்ளிகளைத் துணைகொண்டு, குறைந்த புள்ளிகளில் வரைந்த படத்தை நிரப்புகின்றன. கணிப்பு தவறும்போது நகர்ந்து போன பொருளின் பின்னால் மங்கிய வால் ஒன்று தெரியும். பழையது சரியாக அழியாத தடம் அது.

சைவ சித்தாந்தம் இந்த இடத்தில்தான் குறுக்கிடுகிறது. 13ஆம் நூற்றாண்டில் அருள்நந்தி சிவாசாரியார் எழுதிய சிவஞான சித்தியாரின் பரபக்கம், உலகாயதத்தை மறுத்த கையோடு சௌத்திராந்திகம் முதலிய நான்கு பௌத்தப் பிரிவுகளை எடுத்துக்கொள்கிறது. எதிராளியின் கொள்கையை அவர் வாயாலேயே சொல்லவிட்டுப் பிறகு மறுப்பது அதன் முறை. கணபங்கத்துக்கு எதிராக இந்திய மரபுகள் பலவும் எழுப்பிய தடைகள் இரண்டு. முதல் கணத்தை அறிந்தவன் அந்தக் கணத்தோடு அழிந்தால், ‘அதுதான் இது’ என்று இரண்டையும் ஒப்பிட்டு அறிவது யார்? வினை செய்தவன் ஒருவன், பயன் நுகர்பவன் வேறொருவன் என்றால் நீதி எங்கே? மெய்கண்டாரின் சிவஞான போதம் மூன்றாம் சூத்திரத்தில் உடல், புலன்கள் ஆகியவற்றுக்கு வேறாக ஆன்மா உண்டு என்று நிறுவுகிறது. ஒவ்வொரு புலனும் தன் விடயத்தை மட்டும் அறியும். ஐந்தையும் ஒன்றாக அறிவது ஒன்று இருந்தாக வேண்டும்.

அசைவு கண்ணில் படம் தங்கிவிடுவதால் தெரிகிறது என்ற பழைய விளக்கம் போதாது என்பது 1912இல் உளவியலாளர் மாக்ஸ் வெர்த்தைமர் வெளியிட்ட சோதனைகளிலேயே தெரிந்துவிட்டது. அடுத்தடுத்து ஒளிர்ந்த இரண்டு அசையாக் கோடுகளுக்கு இடையே பார்த்தவர்கள் அசைவைக் கண்டார்கள். அசைவு பார்ப்பவரிடத்தில் நிகழ்கிறது. அதற்கு ஐந்து ஆண்டுகளுக்கு முன் பிரெஞ்சுத் தத்துவவாதி பெர்க்சன், மனித அறிவே சினிமா எந்திரம்போல ஓட்டத்தைத் துண்டு துண்டாக வெட்டிப் பிறகு கோக்கிறது என்று எழுதியிருந்தார். இவை ஆன்மாவை நிறுவிவிடவில்லை. கேள்வி சரியான இடத்தில்தான் கேட்கப்பட்டது என்று மட்டும் காட்டுகின்றன.

கண்ணின் இந்தத் தயவு எதிர்த்திசையிலும் ஏமாற்றும் என்பதைத் திருப்பூர்க்காரர்கள் தொழிலில் அறிவார்கள். 50 ஹெர்ட்ஸ் மின்சாரத்தில் பழைய சோக் போட்ட டியூப் லைட் விநாடிக்கு 100 முறை ஒளிர்ந்து மங்குகிறது. அந்த வெளிச்சத்தில் சுழலும் பற்சக்கரமோ கப்பியோ ஒளித்துடிப்போடு ஒத்துப்போனால் நிற்பதுபோலவே தெரியும். நிற்கிறது என்று கை நீட்டினால் விரல் போகும். இதற்காகவே பக்கத்துப் பக்கத்து விளக்குகளுக்கு வெவ்வேறு ஃபேஸில் இணைப்புத் தருவது வழக்கம். எலக்ட்ரானிக் சோக் போட்ட விளக்கில் இந்தத் தொல்லை இல்லை. நூற்பாலைகளில் இதே மாயத்தைப் பயனாக்கி ஸ்ட்ரோபாஸ்கோப்பால் ஸ்பிண்டில் வேகம் அளக்கிறார்கள்: நிமிடத்துக்கு 18,000 சுற்றும் ஸ்பிண்டிலின்மேல் விநாடிக்கு 300 முறை ஒளியை அடித்தால் அது அசையாமல் நிற்கும். அசையாததை அசைவாகக் காட்டும் திரைக்கும், அசைவதை அசையாததாகக் காட்டும் விளக்குக்கும் அடியில் இருப்பது ஒரே காரணம். விட்டுவிட்டுக் கிடைக்கும் மாதிரிகளைக் கொண்டே பார்வை முடிவுக்கு வருகிறது.

நிட்டிங் எந்திரமும் விட்டுவிட்டுத்தான் வேலை செய்கிறது. 30 அங்குல விட்டம், 24 கேஜ் எந்திரத்தில் சுமார் 2,260 ஊசிகள். 90 ஃபீடர் போட்டு நிமிடத்துக்கு 20 சுற்று ஓட்டினால் சிங்கிள் ஜெர்சி துணியில் விநாடிக்கு 30 வரிசை ஏறும். கன்சோலின் குறைந்த ஃபிரேம் வேகமும் அதேதான். ஆனால் துணியில் ஒவ்வொரு கண்ணியும் கீழே உள்ள கண்ணியில் கோத்து நிற்கிறது. ஒவ்வொரு ஃபீடரின் நூலும் அறாமல் சுற்றி மேலேறுகிறது. ஒரு கண்ணி அறுந்தால் கோடு கீழே இறங்கிக்கொண்டே போகும். ஃபிரேமுக்குள் அப்படி ஒரு நூல் இல்லை. அந்த நூலைத் தருபவர் ஆடுபவரே.

கோவை, திருப்பூர்ப் பகுதிக்கு ஓடும் படம் வந்த கதையிலும் சமயம் உண்டு. 1905இல் ரயில்வே ஊழியரான சாமிக்கண்ணு வின்சென்ட், டுபான்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியும் படச்சுருளும் வாங்கி, கூடாரம் அடித்து ஊர் ஊராக இயேசுவின் வாழ்க்கைப் படத்தைக் காட்டினார். 1914இல் கோவையில் வெரைட்டி ஹாலைக் கட்டினார். அக்காலத்தில் கைப்பிடியைச் சுழற்றுபவரின் கைதான் ஃபிரேம் வேகம். பார்வையாளர்கள் காண மட்டுமே செய்தார்கள். திரையில் நடப்பதை அவர்களால் மாற்ற முடியாது.

விளையாட்டில் சேர்ந்துகொண்டது செயல். சித்தாந்தம் ஆன்மாவுக்கு இச்சை, ஞானம், கிரியை என்ற மூன்று ஆற்றல்களைச் சொல்லும். ஆணவ இருளில் அடங்கிக் கிடக்கும் அவற்றை மாயையின் கருவிகள் விளக்கின் ஒளிபோல் எழுப்புகின்றன: கலை கிரியையை, வித்தை ஞானத்தை, அராகம் இச்சையை. கன்சோலின் இரண்டு வழிகளையும் இந்தப் பகுப்போடு வைத்துப் பார்த்தால் தெளிவு கிடைக்கிறது. புள்ளிகளைக் கூட்டுவது காட்சிக்கு உதவும். அது ஞானத்தின் பக்கம். ஃபிரேமைக் கூட்டுவது கைக்கு உதவும். அது கிரியையின் பக்கம். பொத்தானை அழுத்தியதிலிருந்து பதில் திரைக்கு வர மூன்று நான்கு ஃபிரேம் ஆவது இயல்பு. 30இல் அது 100 முதல் 133 மில்லிவிநாடி, 60இல் பாதி. பந்து மட்டைக்கு வருமுன் விரல் அசைந்தாக வேண்டும். இன்னும் பிறக்காத ஃபிரேமுக்காக இந்தக் கணத்தில் ஒரு விருப்பம் வேலை செய்கிறது. கணங்கள் தமக்குள் காரண காரியமாக நின்றால் போதும் என்ற பௌத்த விளக்கம் எந்திரத்துக்கு முழுமையாகப் பொருந்தியும், இந்த விருப்பத்துக்கு முன் தடுமாறுகிறது. விரும்பியவரும் அழுத்தியவரும் பயன் கண்டவரும் ஒருவராக இருந்தால்தான் அதற்கு ‘ஆட்டம்’ என்று பெயர்.

ஞானமும் கிரியையும் பிரியக்கூடியவை என்பதற்கு அண்மைக் காலச் சான்று ஃபிரேம் ஜெனரேஷன். 2022இல் என்விடியாவும் 2023இல் ஏஎம்டியும் வெளியிட்ட இந்த நுட்பம், உண்மையாக வரைந்த இரண்டு ஃபிரேம்களுக்கு நடுவே கணித்து உருவாக்கிய ஒன்றைச் செருகுகிறது. கண்ணுக்கு 30ஐ 60ஆகக் காட்டிவிடும். நடுவில் வந்த ஃபிரேம் எந்தப் பொத்தானின் பேச்சையும் கேட்டதில்லை. இரண்டாவது உண்மை ஃபிரேமுக்காகக் காத்திருப்பதால் தாமதம் சற்றுக் கூடவும் செய்யும். காண்பவர் மகிழ்வார். ஆடுபவருக்குக் கை கனக்கும்.

ஃபிரேமுக்கும் ஃபிரேமுக்கும் இடையில், யாரும் காணாத நேரத்தில், உலகம் என்ன ஆகிறது? பழைய விளையாட்டுகள் பலவற்றில் ஃபிரேம்தான் கடிகாரம். 1978இன் ஸ்பேஸ் இன்வேடர்ஸில் எதிரிகள் சாகச் சாக வரைய வேண்டியது குறைந்து மீதிப்பேர் வேகமாக நகர்ந்தார்கள். ஜப்பானின் 60 ஹெர்ட்ஸுக்குச் செய்த ஆட்டங்கள் 50 ஹெர்ட்ஸ் டிவி உள்ள நாடுகளில் பெரும்பாலும் ஆறில் ஒரு பங்கு மெதுவாக ஓடின. இக்கால எஞ்சின் வேறு வழியில் போகிறது: கடந்த ஃபிரேமிலிருந்து எவ்வளவு நேரம் போயிற்று என்று அளந்து, அந்த நேரத்துக்குரிய தூரம் பொருளை நகர்த்தி வைக்கிறது. ஃபிரேம் தாமதமானாலும் காலம் தொலைவதில்லை.

திருப்பூர் மாவட்டத்து அவிநாசியின் தலக்கதை இதே கேள்வியைத் தொடுகிறது. பெரியபுராணத்தின் வெள்ளானைச் சருக்கம் சொல்லும் கதை அது. ஒத்த வயதுப் பிள்ளைகள் இருவர் குளத்தில் இறங்க, ஒருவனை முதலை விழுங்கியது. சில ஆண்டுகள் கழித்து ஒரு வீட்டில் பூணூல் கல்யாணம், எதிர்வீட்டில் அழுகை. சுந்தரர் பதிகம் பாட முதலை பிள்ளையைக் கரையில் உமிழ்ந்தது. விழுங்கிய அன்றைய வயதில் அல்ல. இடைப்பட்ட ஆண்டுகளின் வளர்ச்சியோடு. அந்த ஆண்டுகளில் அவனைக் கண்டவர் யாரும் இல்லை. ஆனாலும் அவன் வாழ்க்கையிலிருந்து அவை கழிக்கப்படவில்லை. காணப்படுவதால் மட்டும் உயிர் இருப்பதில்லை என்ற சித்தாந்தக் கொள்கைக்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைப்பது அரிது.

ஆன்மா சார்ந்ததன் வண்ணமாகும் என்பதும் அதே மரபின் கணிப்பு. சீராக வரும் ஃபிரேமில் ஆடுபவர் திரையை மறந்து ஆட்டமாகவே ஆகிவிடுகிறார். அந்தச் சார்பைக் குலைப்பது குறைந்த வேகத்தைவிட ஒழுங்கற்ற வேகம். 60க்கும் 40க்கும் இடையில் தாவும் ஆட்டத்தைவிட 30இல் அசையாமல் நிற்கும் ஆட்டம் மேல். மெதுவாக நடந்து சுற்றிப் பார்க்கும் கதை விளையாட்டுக்குத் துல்லியமான படமும் நிலையான 30உம் போதும். கை பதில் சொல்ல வேண்டிய ஆட்டத்தில், பந்தயமோ சண்டையோ கால்பந்தோ எதுவானாலும், புள்ளிகளை விட்டுக்கொடுத்து 60ஐ எடுப்பதே சரி.